மயிற்பீலிக் கற்றையும் விந்தியத்துக் கிழவியும்

(ஆய்வேட்டில் இடம் கிடைக்காத குறிப்புகளிலிருந்து. சற்று நீளமான பதிவு, பொறுத்தருள்க.)

தில்லியின் காஷ்மீர் கேட் பகுதியில், அம்பேத்கர் பல்கலைக்கழக வளாகத்திற்குள், உயர்ந்த தூண்களுடன் ஒரு கட்டடம் நிற்கிறது. ஷாஜகானின் மூத்த மகன் தாரா ஷிகோவின் நூலகம் என்று அதற்குப் பெயர். பின்னாளில் அது ஆங்கிலேய ரெசிடென்டின் இருப்பிடமாயிற்று; முன்பக்கத் தூண்வரிசை அக்காலத்தில் ஒட்டவைக்கப்பட்டது. சென்ற குளிர்காலத்தில் சில முதுகலை மாணவர்களை அங்கே அழைத்துச் சென்றிருந்தேன். படியேறும்போதே ஒரு மாணவி கேட்டார்: "தாரா வென்றிருந்தால் இந்த நாடு எப்படி இருந்திருக்கும்?"

தில்லியில் வாழ்பவர்களுள் இக்கேள்வியை ஒருமுறையேனும் கேளாதவர் குறைவு. 2015இல் ஔரங்கசீப் சாலை அப்துல் கலாம் சாலை ஆயிற்று. 2017இல் டல்ஹௌசி சாலைக்குத் தாராவின் பெயர் இடப்பட்டது. உமாயூன் கல்லறை வளாகத்தில் பெயர் பொறிக்கப்படாத கல்லறைகளுள் எது அவருடையது என்று கண்டறிய 2020இல் மத்திய கலாச்சார அமைச்சகம் ஒரு குழுவையே அமைத்தது. முந்நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன் தோற்ற இளவரசன் ஒருவனுக்கு இத்தனை தேடல். நடந்த வரலாற்றை ஒட்டி, நடக்காத வரலாறு ஒன்றை எழுப்ப விரும்புவோருக்குத் தாரா நல்ல அடிக்கல்லாக அமைந்துவிட்டார்.

அன்று அந்த மாணவிக்கு உருப்படியான விடை எதையும் நான் சொல்லவில்லை. அந்தப் பாக்கியைத்தான் இப்போது தீர்க்க முயல்கிறேன். தாரா தம் மேற்பார்வையில் 1656இல் பாரசீகத்தில் மொழிபெயர்க்கச் செய்த நூல் ஒன்று உண்டு. நடக்காத வாழ்வொன்றை எடுத்து நடந்த வாழ்வாக்கிவிடும் கருவி ஒன்று அந்நூலுக்குள் இருக்கிறது. தாராவைப் பற்றிய கேள்வியை அந்தக் கருவியிலிருந்து தொடங்குவதே முறை என்று தோன்றுகிறது.

நூல், யோகவாசிட்டம். கருவி, ஒரு கட்டு மயிற்பீலி.

கதையை அறியாதோருக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். அரிச்சந்திரன் மரபில் வந்த இலவணன் என்னும் அரசனின் அவைக்கு ஒரு சித்து வித்தைக்காரன் வருகிறான். பீலிக் கற்றையை எடுத்துச் சுழற்றுகிறான். அக்கணமே சிந்து நாட்டு அரசன் அனுப்பியதாகச் சொல்லி ஒருவன் அழகிய குதிரையுடன் அவைக்குள் நுழைகிறான். ஏறிப் பாருங்கள் என்கிறான் வித்தைக்காரன். அரசன் குதிரையையே உற்று நோக்கியபடி அசைவற்றுப் போகிறான். சிறிது நேரம் கழித்து நடுக்கத்துடன் விழிக்கிறான். இடையில் தனக்கு நேர்ந்ததை அவையோருக்குச் சொல்கிறான்.

குதிரை அவனைச் சுமந்துகொண்டு பாலையில் ஓடியது. ஒரு கொடியைப் பற்றிக்கொண்டு அவன் அதிலிருந்து தப்பினான். பசியால் சோர்ந்த வேளையில், தந்தைக்குச் சோறும் நாவற்பழச் சாறும் எடுத்துச் செல்லும் ஒரு பெண்ணைக் கண்டான். அவள் சண்டாளப் பெண். தன்னை மணந்தால்தான் உணவு தருவேன் என்றாள். உண்டான், மணந்தான். அந்தச் சேரியிலேயே ஆண்டுகள் உருண்டன. பிள்ளைகள் பிறந்தார்கள். பிறகு பஞ்சம் வந்தது. குடும்பத்துடன் ஊரைவிட்டுக் கிளம்பினான். வழியில் கடைசிப் பிள்ளை பசி தாளாமல் இறைச்சி கேட்டு அழுதான். என் உடலையே தின் என்று சொல்லி, தீ மூட்டி அதில் பாயப்போன கணத்தில் அரியணைமேல் கண் விழித்தான். அவன் விழித்தபின் வித்தைக்காரன் மறைந்துபோனான்.

இத்துடன் முடிந்திருந்தால் இது உலகெங்கும் உள்ள கதை. அடிசன் 1711இல் ஸ்பெக்டேட்டர் இதழில் எடுத்துச் சொன்ன கீழைக்கதையில் எகிப்து சுல்தான் ஒருவன் தண்ணீர்த் தொட்டியில் தலையை அமிழ்த்துகிறான். மணம் முடித்து, பதினான்கு பிள்ளைகளைப் பெற்று, வறுமையில் கூலிச்சுமை தூக்கி, தலையை நிமிர்த்தும்போது தன் அவையிலேயே நிற்கிறான். எல்லாம் ஒரு முழுக்குக்குள் அடங்கிய பொய்.

இலவணன் கதை அங்கே முடிவதில்லை. மறுநாள் அரசன் அமைச்சர்களோடு விந்தியக் காட்டுக்குப் புறப்படுகிறான். கனவில் கண்ட இடம் அங்கே இருக்கிறது. ஊர் இருக்கிறது. ஒரு கிழவி அழுதுகொண்டிருக்கிறாள். யாருக்காக அழுகிறாய் என்று கேட்கிறான். எங்கிருந்தோ ஓர் அரசன் வந்தான், என் மகளை மணந்தான், பேரப்பிள்ளைகள் பிறந்தார்கள், பஞ்சம் வந்தது, எல்லோரையும் இழந்தேன் என்கிறாள். அவள் அவனுடைய மாமியார். கிழவிக்கு வேண்டியதைக் கொடுத்து ஆற்றிவிட்டு அரசன் தலைநகர் திரும்புகிறான்.

எங்கள் துறையில் இதற்கொரு பழகிய பேச்சு உண்டு. "வென்றிருந்தால் ஆண்டிருப்பான்" போன்ற வாக்கியத்தை எதிர்நிகழ்வு நிபந்தனை என்போம். சொல்பவருக்கும் கேட்பவருக்கும் அது நடக்கவில்லை என்று தெரியும். அந்த அறிவின்மேல்தான் வாக்கியமே நிற்கிறது. உலக மொழிகள் பலவும் இதற்கெனத் தனி உருபு எதையும் செய்துகொள்ளாமல், வேறு வேலைக்கு வைத்திருக்கும் உருபுகளைக் கடன் வாங்குகின்றன. ஆங்கிலம் இறந்தகாலத்தை வாங்குகிறது. இந்தி வழக்கத்தைக் குறிக்கும் 'ஆதா', 'ஜாதா' வடிவங்களை வாங்குகிறது. தமிழ் 'இரு' என்ற துணைவினையைக் கொண்டு சமாளிக்கிறது. தொல்காப்பிய இடையியல் 'மன்' என்னும் இடைச்சொல்லுக்குத் தரும் பொருள்களுள் கழிவும் ஒன்று. அதியமான் இறந்தபின் ஔவையார் பாடிய கையறுநிலைப் பாட்டில் அந்த 'மன்' திரும்பத் திரும்ப வந்து, இருந்தது இனி இல்லை என்பதை ஒவ்வொரு முறையும் புதிதாக உணர்த்தும்.

இன்றைய தமிழில் ஒரு விந்தை உண்டு. 'வந்திருப்பான்' என்று தனியாகச் சொன்னால் இரண்டு பொருள் கொள்ளலாம். 'மழை நின்றிருந்தால் வந்திருப்பான்' என்றால் அவன் வரவில்லை. 'வாசலில் செருப்புக் கிடக்கிறது, வந்திருப்பான்' என்றால் அவன் வந்துவிட்டான். நாம் பார்க்கவில்லை, அவ்வளவே. நடக்காததற்கும் நாம் காணாததற்கும் ஒரே வினைமுற்று. பல மொழிகள் வேறுவேறாக வைத்துக்கொள்ளும் இவ்விரண்டையும் தமிழ் ஒரே இடத்தில் வைத்திருப்பதை இலக்கணக் குறைபாடாக நான் நினைக்கவில்லை.

இலவணன் கதை இந்த இரண்டுக்கும் இடையில்தான் நடக்கிறது. அரியணையில் விழித்த அரசனுக்கு அந்த வாழ்வு முதல்வகை: குதிரையில் ஏறியிருந்தால் இப்படியெல்லாம் ஆகியிருக்கும். ஊரைவிட்டுப் போன மகளையும் பேரப்பிள்ளைகளையும் பற்றிக் கிழவி பேசினால் அது இரண்டாம்வகை: போனவர்கள் மடிந்திருப்பார்கள். வினைமுற்றில் வேறுபாடே இல்லை. ஒருவருக்கு அது தப்பிய ஆபத்து. மற்றவருக்கு உடல் கிடைக்காத மரணம்.

இந்தக் கிழவி நூலுக்கே சங்கடம் என்பது என் எண்ணம். கனவு எவ்வாறு மெய்யாயிற்று என்று இராமன் வசிட்டரைக் கேட்கிறான். விளக்கங்கள் அடுக்கடுக்காக வருகின்றன. பலர் மனத்தில் ஒரே சொற்றொடர் தனித்தனியே தோன்றுவது போல, ஒரே காட்சி அரசன் மனத்திலும் விந்திய மக்கள் மனத்திலும் தோன்றியது என்பது ஒன்று. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதை என்று நம் ஊரில் சொல்வோமே, வடமொழியில் அதற்குக் 'காகதாலீயம்' என்று பெயர். இந்நூல் அடிக்கடி கையாளும் உவமை அது. அரசன் மனத்தாலேயே இராஜசூய வேள்வி செய்தான், அவ்வேள்வி செய்தோர் துன்பம் நுகர வேண்டும் என்பது விதி, அதற்காக இந்திரன் அனுப்பிய தூதனே அந்த வித்தைக்காரன் என்பது இன்னொன்று. மூன்றையும் படித்து முடித்தபின் எனக்கு எஞ்சும் வினா வேறு. வேள்வி செய்தவன் அரசன். பேரப்பிள்ளைகளை இழந்தவள் அவள். அவள் எந்த வேள்வி செய்தாள்?

நூலில் வரும் காதி என்ற அந்தணன் கதையும் இதே அச்சில் வார்த்ததுதான். நீரில் மூழ்கியவன் சண்டாளனாகப் பிறக்கிறான், வாழ்கிறான், பிறகு வந்து சரிபார்க்கும்போது எல்லாம் மெய்யென்று காண்கிறான். மாற்று வாழ்வு என்றாலே அது சண்டாள வாழ்வாக இருப்பது தற்செயலன்று. அதைவிட அஞ்சத்தக்க வீழ்ச்சியை அந்தச் சமூகத்தால் கற்பனை செய்ய முடியவில்லை. ஆயினும் அந்த 'வீழ்ச்சி'யில் ஊர் ஊராக மக்கள் நாள்தோறும் வாழ்ந்துகொண்டிருந்தார்கள். அவர்கள் விழித்தெழுவதற்கு அரியணை இல்லை. பீலிக் கற்றை அவர்கள் பக்கம் சுழலவும் இல்லை. தத்துவத்திற்காகக் கதையைப் படிப்போர் இவ்விடத்தைச் சற்று வேகமாகக் கடந்துவிடுகிறார்கள். ஆனால் கிழவியை உள்ளே கொண்டுவந்து பேசவைத்ததும் அதே நூல்தான். அவளை வெளியே விட்டிருந்தால் தத்துவம் இன்னும் எளிதாக நிறுவப்பட்டிருக்கும்.

நூல் தில்லிக்கு வந்த வழியையும் சொல்லிவிடுகிறேன். 'மோட்சோபாயம்' என்ற பெயரில் பத்தாம் நூற்றாண்டுக் காஷ்மீரில் உருவானது அதன் பழைய வடிவம். அதன் சுருக்கம் அபிநந்தர் பெயரால் வழங்கும் லகு யோகவாசிட்டம். தமிழில் வீரை ஆளவந்தார் அதை ஞானவாசிட்டமாகச் செய்யுளில் தந்தார். மடங்களில் பாடம் கேட்டவர்களுக்கு இலவணனும் காதியும் நன்கு தெரிந்தவர்கள். வடக்கே, 1597-98இல் இளவரசர் சலீமுக்காக, அதாவது பின்னாளைய ஜஹாங்கீருக்காக, நிஜாமுதீன் பானிபத்தி என்பவர் இரண்டு பண்டிதர்களின் துணையுடன் லகு வடிவத்தைப் பாரசீகமாக்கினார். 1602ஆம் ஆண்டிட்ட, ஓவியங்கள் நிறைந்த ஒரு பிரதி இன்று டப்ளினில் செஸ்டர் பீட்டி நூலகத்தில் இருக்கிறது. சூபி மெய்யியலில் தோய்ந்த அவைக்கு இந்நூல் அந்நியமாக இருந்திருக்காது. உடலுக்கும் ஆவிக்கும் இடைப்பட்ட 'ஆலமே மிசால்' என்னும் உருவெளி உலகத்தை அவர்கள் முன்பே அறிந்திருந்தார்கள். ஈரானிய மெய்யியலாளர் மீர் ஃபிந்திரிஸ்கி இந்தப் பாரசீக வாசிட்டத்துக்குக் குறிப்புரையே எழுதினார்.

முந்தைய மொழிபெயர்ப்பு ஒன்றைப் படித்திருந்த தாரா ஏன் புதிதாக ஒன்று செய்வித்தார்? காரணம் ஒரு கனவு. 1656ஆம் ஆண்டு மொழிபெயர்ப்பின் முன்னுரையில் அது பதிவாகியுள்ளது. வசிட்டரும் இராமரும் கனவில் தோன்றினார்கள். மெய்யைத் தேடுவதில் இவன் உனக்குச் சகோதரன், தழுவிக்கொள் என்று வசிட்டர் இராமரிடம் சொன்னார். இராமர் தழுவி, இனிப்பு ஊட்டினார். தாரா உண்டார். கனவில் உண்ட சோறு ஓர் அரசனைச் சண்டாளன் ஆக்கிய கதையைத் தாங்கிய நூலுக்கு, கனவில் இனிப்பு உண்டவர் புது மொழிபெயர்ப்புச் செய்விக்கிறார். இந்த ஒப்புமையை அவர் கவனித்தாரா என்பதற்கு என்னிடம் சான்றில்லை. எனக்கு அது கண்ணில் பட்டுக்கொண்டே இருக்கிறது. அடுத்த ஆண்டே உபநிடதங்களின் பாரசீகப் பெயர்ப்பைத் தில்லியில், யமுனைக் கரை நிகம்போத் மாளிகையில், அவர் முடித்தார்.

அதற்கும் அடுத்த ஆண்டு, 1658இல், ஆக்ராவுக்கு அருகில் சமூகர் போர். பிரெஞ்சு மருத்துவர் பெர்னியரும், தாராவின் பீரங்கிப் படையில் பணியாற்றிய வெனிசுக்காரர் மனுச்சியும் (பிற்காலத்தில் நம் சென்னைப் பறங்கிமலையில் வாழ்ந்த அதே மனுச்சிதான்) ஏறத்தாழ ஒரே விளக்கம் தருகிறார்கள். வெற்றி கைக்கு எட்டும் நேரத்தில் தாரா யானையிலிருந்து இறங்கிக் குதிரையில் ஏறினார். அம்பாரி காலியாக இருந்ததைக் கண்ட படை, இளவரசர் மாண்டார் என்று கருதிச் சிதறியது.

மீண்டும் ஒரு குதிரை. வரலாற்றைச் சொல்லும்போது நம் கையிலும் ஒரு பீலிக் கற்றை வந்துவிடுகிறது என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு. தக்காணத்தில் ஆண்டுக்கணக்கில் போரில் பழகிய ஔரங்கசீப்பின் படை, அமீர்களின் கட்சிமாற்றங்கள், முராதுடனான உடன்படிக்கை எல்லாம் பின்னுக்குப் போய், இறங்கியதும் ஏறியதும் மட்டும் எஞ்சுகின்றன. அந்த ஒரு கணத்தை மாற்றினால் நாடே மாறிவிடும் என்ற நம்பிக்கை அங்கிருந்து பிறக்கிறது.

இக்காலத்து எழுத்தில் இதே நம்பிக்கையின் நேர்த்தியான வடிவம் ஜயந்த் நார்லிகரின் மராட்டியக் கதை. அதன் ஆங்கில வடிவைப் பதினோராம் வகுப்புப் பாடநூலில் என்.சி.இ.ஆர்.டி. வைத்திருப்பதால் மாணவர் பலர் அறிந்திருப்பீர்கள். வரலாற்றுப் பேராசிரியர் கங்காதர்பந்த் கைதொண்டே, 1761 பானிபத்தில் மராட்டியர் வென்ற வேறோர் உலகுக்குள் தவறிப் போகிறார். நம் உலகில் விஸ்வாஸ்ராவைக் கொன்ற குண்டு அங்கே அவர் காதை உரசிச் செல்கிறது. குவாண்டம் கோட்பாட்டையும் பேரழிவுக் கோட்பாட்டையும் கொண்டு நண்பர் ஒருவர் இறுதியில் விளக்கம் தருகிறார். திரும்பி வந்தவர் கையில் சான்றாக இருப்பது, அந்த உலகத்து நூலொன்றின் கிழிந்த பக்கம்.

நார்லிகர்மேல் எனக்கு மதிப்பு அதிகம். 2025 மே மாதத்தில் அவர் மறைந்த செய்தி கேட்டு இக்கதையை மறுபடி எடுத்துப் படித்தேன். அப்போது ஒரிடத்தில் நின்றுவிட்டேன். மாற்று மும்பையில் பேராசிரியர் முதலில் தேடுவது தம் மகனை. மகன் வேலை செய்யும் அலுவலகத்தில் விசாரிக்கிறார். அப்பெயரில் யாரும் இல்லை. இந்த உலகில் அவன் பிறக்காமலே இருந்திருக்கலாம் என்று எண்ணிக்கொள்கிறார். நன்றி சொல்லிவிட்டு வெளியே வருகிறார். பிறகு நேரே ஆசியச் சங்க நூலகத்துக்குப் போகிறார், வரலாறு எங்கே திரும்பியது என்று கண்டறிய.

மகன் இல்லாத உலகில் நூலகத்துக்குப் போகும் தந்தை ஒருவர். பிள்ளைகளைக் கனவில் பெற்று, அவர்களைத் தேடி விந்தியத்துக்குப் போகும் அரசன் ஒருவன். ஆயிரம் ஆண்டு பழைய கதையில் சான்று ஒரு கிழவி. புதிய கதையில் சான்று ஒரு தாள். நம் துறைகளின் பழக்கத்தையும் இது காட்டிக்கொடுக்கிறதோ என்று தோன்றுகிறது. என்னையும் சேர்த்தே சொல்கிறேன். நானும் நூலகத்துக்கு ஓடுகிறவர்களுள் ஒருவர்தான்.

தாராவுக்கு வருகிறேன். வென்றிருந்தால் என்று தொடங்குவோர் உபநிடதத்தையும் வாசிட்டத்தையும் அரியணையில் ஏற்றிப் பார்க்கிறார்கள். அந்த அரியணை எப்படி நிரம்பும் என்பதைக் கேட்பதில்லை. தாராவின் தந்தை 1628இல் முடிசூடியபோது தம்பி ஷாரியாரும் அண்ணன் மகன்களும் கொல்லப்பட்டார்கள். தாரா வென்றிருந்தால் தம்பிகள் என்ன ஆகியிருப்பார்கள் என்பதும் அதே வாக்கியத்தின் இன்னொரு முற்று. சுப்ரியா காந்தி 2020இல் வெளியிட்ட தாரா வரலாறு, பரந்த மனத்து அண்ணன், குறுகிய மனத்துத் தம்பி என்ற எளிய பிரிவினையைத் தகர்க்க மெனக்கெடுகிறது. ஆயினும் பொதுமேடைகளில் அந்தப் பிரிவினைக்கே கூட்டம் சேர்கிறது.

நடந்ததையாவது முழுதாக நோக்குகிறோமா? தோல்விக்குப் பின் ஓட்டத்தின் வழியில் மனைவி நாதிரா பானு இறந்தார். 1659இல் பிடிபட்ட தாராவை மகன் சிபிர் ஷிகோவுடன் யானைமேல் ஏற்றித் தில்லித் தெருக்களில் ஊர்வலம் விட்டார்கள். நகர மக்கள் அழுததைப் பெர்னியர் பதிவு செய்திருக்கிறார். சில நாட்களில் தாரா கொல்லப்பட்டார். மூத்த மகன் சுலைமான் 1662இல் குவாலியர் கோட்டைச் சிறையில் மாண்டார். இவ்வளவும் மேடையில் சொல்லப்படும். மகள் ஜஹான்ஸேப் பானுவைப் பற்றி யாரும் பேசிக் கேட்டதில்லை. அத்தை ஜஹானாரா அவரை வளர்த்தார். 1669இல் அவர் மணந்தது ஔரங்கசீப்பின் மகன் ஆஸமை. யானைமேல் தந்தையின் அருகே அமர்ந்திருந்த சிபிர், 1673இல் ஔரங்கசீப்பின் மகள் ஸுப்தத்துன்னிஸாவை மணந்தார்.

தந்தையைக் கொல்வித்தவரின் மருமகளாகவும் மருமகனாகவும் அவர்கள் பல ஆண்டுகள் வாழ்ந்தார்கள். தாரா வென்ற உலகைக் கற்பனை செய்யும்போது இவர்கள் கரைந்துவிடுகிறார்கள். தாரா தோற்ற உலகைச் சொல்லும்போதும் இவர்கள் அதற்குள் அடங்குவதில்லை. விந்தியத்துக் கிழவிக்கு நிகராக இந்தக் கதையில் யாரையாவது நிறுத்தவேண்டுமானால் ஜஹான்ஸேப்பைத்தான் நிறுத்துவேன். அவரிடம் போய் 'உன் தந்தை வென்றிருந்தால்' என்று தொடங்க எனக்கு நா எழாது.

அந்த நூலகக் கட்டடத்தில் 2023 முதல் பிரிவினை அருங்காட்சியகம் இயங்குகிறது. அன்று கேள்விக்கு விடை சொல்லாமல் மாணவர்களை உள்ளே அழைத்துச் சென்றேன். 1947க்கு முன் ஓர் ஊரிலும் பின் வேறோர் ஊரிலும் வாழ்ந்தவர்களின் வாய்மொழிகள் அங்கே சேகரித்து வைக்கப்பட்டிருக்கின்றன. கேள்வி கேட்ட மாணவி ஒரு மூதாட்டியின் பேச்சின் முன் நெடுநேரம் நின்றுவிட்டார். அந்தப் பஞ்சாபியில் எனக்குப் பாதிதான் புரிந்தது. தெருவின் பெயர், கிணறு இருந்த பக்கம், கதவைப் பூட்டிய விதம். மற்றவர்கள் வெளியே காத்திருந்தார்கள். அவரை அழைக்க எனக்கு மனம் வரவில்லை.